கொச்சிக்குப் போன நோட்டுப் பக்கம்

எழுத உட்கார்ந்ததற்கு முதலில் மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். பத்தாம் வகுப்புவரை படித்தவன் நான். அதற்குப் பிறகு நான் எழுதியதெல்லாம் ஏலக்காய்ச் சாக்கில் கட்டும் அட்டையில் லாட்டு நம்பர், எடை, காயின் அளவு, அவ்வளவுதான். நாலு பேர் முன்னால் சேர்ந்தாற்போல நாலு வார்த்தை பேசவும் வராது. அப்படிப்பட்டவன் புத்தகம் படிப்பவர்களுக்கு எழுதுவது அதிகப்பிரசங்கித்தனம்தான். ஆனால் எங்கள் கடையில் என்னைப் பற்றி ஒரு கதை சொல்லிச் சிரிக்கிறார்கள். அந்தக் கதையில் நான் ஒரு அப்பாவி. அது சரியில்லை. நேரில் மறுத்துச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அதனால் எழுதுகிறேன்.

போடியில் ஏலக்காய் வியாபாரம் செய்யும் ஒரு குடும்பத்தின் ஸ்டோரில் முப்பது வருடமாக இருக்கிறேன். மலையிலிருந்து வரும் காயை அளவு பிரித்து, பொறுக்கி, ஏலத்துக்கு அனுப்புகிற இடம். என் வேலை சாம்பிள் எடுப்பது. ஒவ்வொரு லாட்டிலும் சாக்கின் நடுவில் கையை விட்டுக் காயை எடுத்துச் சின்னப் பைகளில் போட்டு, ஏலம் தொடங்கும் முன்பே எல்லா வியாபாரிகளுக்கும் கிடைக்கும்படி சேர்க்க வேண்டும். அவர்கள் தட்டில் கொட்டி உருட்டிப் பார்ப்பார்கள், ஒன்றை உடைத்து மோந்து பார்ப்பார்கள், பிறகுதான் விலை கேட்பார்கள். மேலாக நல்ல காயைத் தூவிக் கொடுக்கிறவர்களும் உண்டு. நான் அப்படிச் செய்ததில்லை. எதிரே உட்கார்ந்திருப்பவனிடம் சரக்கை மறைப்பது கேவலம் என்று நம்பி வந்தவன். அதில் எனக்குக் கொஞ்சம் கர்வமும் உண்டு.

கடைக்குப் பெரியவர் ஒருவர், அவர் மகன் சின்னவர். சின்னவர் கோயம்புத்தூரில் படித்துவிட்டு வந்தவர். இரண்டு வருடத்துக்கு முன் ஒருநாள் கல்லாவுக்கு எதிரே நின்று சொன்னார்: “அப்பா, லீக்குல இந்த வருசம் புதுசா ரெண்டு டீம் சேக்குறாக. ஒண்ணு நம்ம டீம்.”

“என்ன டீமு? கபடியா?”

“போன்ல வெளாடுறதுப்பா.”

“போன்ல என்னத்தடா வெளாடுறது?” என்றவர், பைகளைக் கட்டிக்கொண்டிருந்த என்னைத் திரும்பிப் பார்த்தார். “சரி, இவனையும் கூட வச்சுக்க. ஒரு பெரிய ஆளு இருக்கட்டும்.”

இப்படித்தான் நான் மேனேஜர் ஆனேன். 

மாடி ஹாலில் காய் பொறுக்கிய பெண்கள் கீழே தகர ஷெட்டுக்கு இறங்கினார்கள். ஹாலில் ஏ.சி. வந்தது, சுழலும் நாற்காலிகள் வந்தன, காற்றுக் காலத்தில் கரண்டு போனால் ஓடுவதற்கு ஜெனரேட்டர் வந்தது. முறத்தைத் தூக்கிக்கொண்டு படி இறங்கிய ஒரு அம்மா என்னிடம் கேட்டாள்: “ஏண்ணே, குளுகுளுன்னு உக்காந்து போன நோண்டுறதுக்குச் சம்பளம், சோறு வேறயா? எங்க வீட்டுல ரெண்டு கெடக்கு, சேத்துக்கங்களேன்.” நான் சிரித்து வைத்தேன்.

விளையாட்டைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். இந்தப் பக்கம் ஐந்து பேர், அந்தப் பக்கம் ஐந்து பேர். ஆளுக்கொரு கைபேசி. திரைக்குள் இரண்டு கோட்டை, இடையில் மூன்று பாதை, பாதைகளுக்கு நடுவே காடு. எதிரியின் கோட்டையை முதலில் இடிப்பவர்கள் ஜெயிப்பார்கள். ஒரு டீமின் ஐந்து பேரும் ஒரே ஹாலில் உட்கார வேண்டும்; இரண்டு டீமும் வெவ்வேறு ஊரிலிருந்து விளையாடினாலும், பார்க்கிறவர்கள் ஆயிரக்கணக்கில் அவரவர் போனில் பார்ப்பார்கள்.

எங்கள் கேப்டன் பொட்டிபுரம் பக்கத்துப் பெண், காலேஜ் முடித்தவள். மூன்று பேர் தேனி, தேவாரம் பக்கத்துப் பையன்கள். ஐந்தாவது ஆள் ஜீப்பு ஓட்டுகிறவன். போடியிலிருந்து தோட்டத்து வேலைக்குப் பெண்களை ஏற்றிக்கொண்டு மலைக்குப் போய், சாயங்காலம் இறக்கிக்கொண்டு வருவது அவன் தொழில். தோட்டத்து லயத்து வரிசை வீட்டில் பிறந்தவன், அம்மா மலையாளம் பேசுகிறவர். இருபத்தாறு வயது, மற்றவர்களைவிட மூத்தவன். விளையாட்டில் காட்டுக்குள் தனியாகப் புகுந்து எதிரி எங்கே இருக்கிறான் என்று பார்த்துச் சொல்வது அவன் பொறுப்பு. டீமில் சேர்ந்ததும் ஜீப்பைச் சித்தப்பா மகனிடம் ஓட்டக் கொடுத்துவிட்டான். “ஏண்டா, இது நெலைக்குமாடா?” என்று கேட்டேன். “வளைவு வளைவா ஏறி எறங்கியே கெழவனாகணுமாண்ணே? ஒரு வருசம் பாப்போம்,” என்றான்.

நிலைப்பது சுலபம் இல்லை. பழைய டீம்கள் தோற்றாலும் லீக்கில் இருக்கும். புது டீம்கள் இரண்டில் எது பின்னால் நிற்கிறதோ அது சீசன் முடிந்ததும் வெளியே. சின்னவர் இதை முதல் நாளே சொல்லியிருந்தார்.

நாங்கள் தோற்றோம். முதல் ஆட்டம், இரண்டாவது, மூன்றாவது, வரிசையாக. ஒரு ஆட்டத்தில் காற்றில் கம்பி அறுந்து நெட்டே போய்விட்டது. எங்கள் ஐந்து பேரும் திரைக்குள் மரம் மாதிரி நிற்க, எதிரிகள் நடந்துவந்து கோட்டையை இடித்துவிட்டுப் போனார்கள். ஆட்டத்துக்குக் கீழே ஜனங்கள் எழுதுவதை நான் கண்ணாடி போட்டுக்கொண்டு படிப்பேன். “ஏலக்காய் டீம் டீயில போடத்தான் லாயக்கு” என்று ஒருவன் எழுதியிருந்தான். அதை ஜீப்புக்காரன் உரக்கப் படித்துவிட்டு, “மணமா இருக்கோம்னு சொல்றான் மாப்ளே, கவலப்படாதீக,” என்றான். கேப்டன் மட்டும் சிரிக்கவில்லை. “ஜெயிச்சுட்டுச் சிரிப்போம்ணே,” என்று அவனை அடக்கினாள்.

ஒவ்வொரு தோல்விக்குப் பிறகும் நான் மெஸ்ஸிலிருந்து வந்த சாப்பாட்டைப் பிரித்து வைப்பேன். என்ன சொல்வதென்று தெரியாமல், “ரசம் சூடா இருக்கு,” என்பேன். மேனேஜர் என்று அட்டை மட்டும் கழுத்தில் தொங்கியது. யாரும் என்னிடம் எதுவும் கேட்பதில்லை. கேட்டாலும் எனக்குத் தெரியாது.

நடுவில் இரண்டு ஆட்டம் ஜெயித்தோம். மற்றப் புது டீமும் தடுமாறிக்கொண்டிருந்ததால் இன்னும் மூன்று ஆட்டம் இருக்கும்போது இரண்டும் சமமாக நின்றன. அடுத்தது கொச்சி டீமுடன். அவர்கள் பழைய ஆட்கள், பலமானவர்கள். அவர்களை வழக்கமான முறையில் ஜெயிக்க முடியாது என்று கேப்டனும் ஜீப்புக்காரனும் பத்து நாள் உட்கார்ந்து ஒரு புது வழி கண்டுபிடித்தார்கள். ஆரம்பத்திலேயே ஐந்து பேரும் பாதையை விட்டுவிட்டுக் காட்டுக்குள் ஆற்றோரம் ஒளிந்து, இடப்பக்கத்தில் ஒரே மூச்சில் ஏறுவது. வெளியே யாருடனும் அதை ஆடிப் பார்க்கவில்லை. தங்களுக்குள்ளேயே ஆடிப் பார்த்தார்கள்.

எனக்குப் புரியவேண்டும் என்று நான் அதை ஒரு நோட்டில் வரைந்து வைத்தேன். கோடவுனில் எந்த லாட்டு எங்கே அடுக்கியிருக்கிறது என்று வரைவேனே, அதே மாதிரி. கோட்டைக்குக் கட்டம், ஆற்றுக்கு இரட்டைக் கோடு, ஐந்து பேருக்கும் லாட்டு நம்பர் போல வட்டத்துக்குள் எண். ஜீப்புக்காரன் எட்டிப் பார்த்து, “அண்ணே, என்னைய மூணாம் நம்பர் சாக்காக்கிட்டீகளே,” என்று சிரித்தான்.

ஆட்டத்துக்கு இரண்டு நாள் முன்பு கொச்சி டீமின் மேனேஜர் எனக்குப் போன் செய்தார். டீம் மேனேஜர்களுக்கு என்று ஒரு வாட்ஸ்அப் குழு இருந்தது. அதில் என் நம்பரை எடுத்திருக்கிறார். நேரம் மாற்றுவது பற்றி ஏதோ கேட்டார். பிறகு, “மேனேஜர் சார், உங்க டீம் நல்லா வருது கேட்டோ. நீங்க எங்ஙனயா அவங்கள ஒருக்குறது?” என்றார். அதாவது எப்படித் தயார் செய்கிறீர்கள் என்று.

என்னை மேனேஜர் சார் என்று கூப்பிட்ட முதல் ஆள் அவர்தான்.

இதை மறைக்காமல் எழுதவேண்டும் என்றுதான் இவ்வளவு தூரம் வந்தேன். நான் பேசினேன். முப்பது வருடத்தில் அவ்வளவு நேரம் நான் யாரிடமும் பேசியதில்லை. பிள்ளைகள் எப்படி உழைக்கிறார்கள், நான் எப்படி எல்லாவற்றையும் நோட்டில் குறித்து வைக்கிறேன் என்று சொன்னேன். “அந்த நோட்டு ஒண்ணு காணாமோ சேட்டா?” என்று பார்க்கக் கேட்டார். ஏலத்துக்கு முன்னால் வாங்குகிறவன் சாம்பிள் கேட்டால் கொடுப்பதுபோலத் தோன்றியது எனக்கு. நாளை மறுநாள் எதிரே உட்காரப்போகிறவர், மரியாதையாகக் கேட்கிறார், மறைத்தால் கேவலம் என்று நினைத்தேன். பக்கத்தைப் படம் எடுத்து அனுப்பிவிட்டேன். “அடிபொளி!” என்று பதில் வந்தது, பிரமாதம் என்று அர்த்தம். நான் அதை இரண்டு தரம் படித்தேன்.

தெரியாமல் செய்தேன் என்று கடையில் சொல்கிறார்கள். பாதிதான் உண்மை. அனுப்பிய பிறகு போனை மேசைமேல் வைக்காமல் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டேன். பிள்ளைகளிடம் சொல்லவில்லை. தவறில்லை என்று முழுதாக நம்பியிருந்தால் சொல்லியிருப்பேன் அல்லவா?

ஆட்டம் தொடங்கியது. எங்கள் ஐந்து பேரும் ஆற்றோரம் போய்ச் சேருவதற்கு முன்பே கொச்சிக்காரர்கள் அங்கே காத்திருந்தார்கள். ஐந்து பேரும் விழுந்தார்கள். கொஞ்ச நேரத்தில் கோட்டையும் போனது.

கேப்டன் காதில் இருந்ததைக் கழற்றி வைத்தாள். “அங்கதான் வருவோம்னு தெரிஞ்சிருக்கு. யாரோ சொல்லிருக்காக.”

சின்னவர் ஒவ்வொருவராகப் பார்த்தார். என்மேல் அவர் பார்வை நிற்கவே இல்லை. என்னைத் தாண்டி ஜீப்புக்காரனிடம் போய் நின்றது. “நேத்து போன்ல மலையாளத்துல யார்ட்ட பேசிக்கிட்டிருந்த?”

“எங்கம்மாட்ட.”

“கொச்சி டீம்ல உனக்கு ஃபிரண்டு இருக்கான்ல?”

“ஒருத்தன் இருக்கான். எங்க லயத்துப் பையன். அதுக்கு? ஆட்டத்தப் பத்தி அவன்ட்ட நான் பேசுறதே இல்ல.”

தேவாரத்துப் பையன் தலையைத் தூக்காமலே சொன்னான்: “காட்டுல மொத ஆளாப் போறது நீதானப்பா. ஆள் நிக்கிறத நீதான சொல்லணும்? ஏன் சொல்லல?”

“சொல்றதுக்குள்ள செத்துட்டேன்டா!”

நான் கதவோரம் சாப்பாட்டுப் பையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அப்போது என் போன் சட்டைப் பைக்குள்தான் இருந்தது. எடுத்துக் காட்ட ஒரு நிமிடம் போதும். வேலை போய்விடும் என்று பயந்தேன். அதைவிட, ஐந்து பேரும் திரும்பி என்னைப் பார்ப்பார்களே என்று கூசினேன். “அண்ணே, நீங்களாவது சொல்லுங்கண்ணே,” என்று ஜீப்புக்காரன் என் பக்கம் திரும்பினான். நான், “சாப்பிட்டுப் பேசலாம்,” என்றேன்.

அன்றைக்கே அவனை நிறுத்திவிட்டார்கள். உபரியாக வைத்திருந்த ஆறாவது ஆளைச் சேர்த்தார்கள். ஜீப்புக்காரன் பனியனையும் அட்டையையும் நாற்காலியில் மடித்து வைத்துவிட்டுப் படி இறங்கினான். கீழே பொறுக்கிக்கொண்டிருந்த பெண்கள் கையை நிறுத்திவிட்டுப் பார்த்தார்கள். பிறகு ஜீப்பு ஸ்டாண்டிலும் பேச்சுப் பரவிவிட்டது. கொச்சிக்காரனிடம் டீமை விற்றவன் என்று சக டிரைவர்களே கேலி செய்ததாகக் கேள்விப்பட்டேன். அடுத்த ஆட்டம் அவன் இல்லாமல் தோற்றோம். நல்லவேளையாக அந்த இரண்டு ஆட்டத்திலும் மற்றப் புது டீமும் தோற்றிருந்தது. கடைசி ஆட்டம் ஒன்றுதான் மிச்சம்.

அதற்கு முந்தின நாள் காலை மலையிலிருந்து வந்த லோடைப் பார்க்க ஜீப்பு ஸ்டாண்டு வழியாகப் போனேன். வேறு வழியும் இருந்தது. ஏன் அப்படிப் போனேன் என்று தெரியவில்லை. மறுபடி ஜீப்பு ஓட்டத் தொடங்கியிருந்த அவன் பின்கம்பியில் தூக்குவாளிகளைக் கட்டிக்கொண்டிருந்தான். உள்ளே பெண்கள் நெருக்கி உட்கார்ந்திருந்தார்கள்.

“வாங்க மேனேஜர் சார்,” என்றான்.

நான் நின்றேன். அவன் கையைத் துடைத்துவிட்டுப் போனை எடுத்து என் முகத்துக்கு நேரே நீட்டினான். என் நோட்டுப் பக்கம். கட்டம், இரட்டைக் கோடு, வட்டத்துக்குள் எண்கள்.

“மூணாம் நம்பர் சாக்கு நான்தான?” என்றான். “ஆட்டம் முடிஞ்ச மறுநாளே எங்க லயத்துப் பையன் அனுப்பிட்டான். அவனுக்கே பாவமாப் போச்சு.”

“அப்பவே காட்டியிருக்கலாமேடா,” என்றேன். என் வாயிலிருந்து அதுதான் வந்தது.

“நீங்களா சொல்வீகன்னு பாத்தேன். தெனமும் பாத்தேன்.” உள்ளேயிருந்து ஒரு அம்மா, “ஏப்பு, வெரசா எடு, கங்காணி வைவான்,” என்று கத்தினாள். அவன் ஏறி உட்கார்ந்தான். “நான் காட்டுனா, அதையும் நான்தான் வரைஞ்சேன்னு சொல்வாக அண்ணே. நீங்க சொன்னாத்தான் நம்புவாக.” வண்டி மலைக்குப் போகும் முந்தல் ரோட்டில் திரும்பிவிட்டது.

மறுநாள் வெள்ளிக்கிழமை. கடைசி ஆட்டம் பிற்பகல் மூன்று மணிக்கு. பன்னிரண்டு மணிக்கு நான் மாடிக்குப் போனேன். சின்னவரும் டீமும் இருந்தார்கள். அன்றைக்கென்று பெரியவரும் பார்க்க வந்து உட்கார்ந்திருந்தார். நான் நோட்டை மேசைமேல் வைத்தேன். கொச்சிக்காரர் அனுப்பிய ‘அடிபொளி’யைப் போனில் திறந்து பக்கத்தில் வைத்தேன். “அவன் இல்ல. நான்தான் அனுப்புனேன்,” என்றேன். வேலையை விட்டுப் போகச் சொன்னால் சாவியைக் கொடுப்பதற்காகக் கையிலேயே வைத்திருந்தேன்.

பெரியவர் கண்ணாடியை ஏற்றிக்கொண்டு நோட்டைப் பார்த்தார். “எதுக்குய்யா அனுப்புன?”

“கேட்டாரு. சாம்பிள் கேட்டா குடுக்குற மாதிரி...”

பெரியவர் சிரிக்கத் தொடங்கினார். வயிறு குலுங்கச் சிரித்தார். “எதிராளிக்கே சாம்பிள் குடுத்துருக்கான்டா! லாட்டு நம்பர் வேற போட்டு!” தேவாரத்துப் பையன் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தான். சின்னவர் தலையில் அடித்துக்கொண்டார், ஆனால் அவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. “என்னண்ணே நீங்க,” என்றார். அவ்வளவுதான். வேலை போகவில்லை. யாரும் வையவில்லை. ஜீப்புக்காரன் செய்ததாக நினைத்தபோது யாருக்கும் சிரிப்பு வரவில்லையே என்று நினைத்தபடி நான் சாவியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அதையும் சொல்லவில்லை.

கேப்டன் மட்டும் நோட்டை மூடினாள். “அவருக்குப் போன் போடுங்க,” என்றாள்.

சின்னவர் போட்டு, எல்லோருக்கும் கேட்கும்படி வைத்தார். “டேய், நீ இல்லன்னு தெரிஞ்சுருச்சுடா. தப்பா எடுத்துக்காத. வெரசா கெளம்பி வா, மூணு மணிக்கு ஆட்டம்.”

“மேல தோட்டத்துல நிக்கிறேன்,” என்றான். காற்றின் சத்தம் கேட்டது. “பொம்பளையாளுக வேலை முடியல. நாலு மணிக்கு நான்தான் எறக்கணும்.”

“வேற யாரையாவது விடுறா.”

“வேற யாரு இருக்கா? சித்தப்பா மகன் வேற வண்டிக்குப் போயிட்டான். விட்டுட்டு வந்தா ரோட்டுல நிப்பாக.” பிறகு, “அண்ணே இருக்காரா?” என்றான்.

“இருக்கேன்ப்பா,” என்றேன்.

“சொல்லிட்டீகளா?”

“சொல்லிட்டேன்.”

“அந்தப் பக்கம் யாரோ சிரிக்கிறாக.”

பெரியவர் அப்போதும் பின்னால் சிரித்துக்கொண்டிருந்தார். அவன் போனை வைத்துவிட்டான்.

மூன்று மணி ஆட்டத்தில் தோற்றோம். மற்றப் புது டீம் அன்று ஜெயித்தது. எங்கள் இடம் போனது. கேப்டன் எல்லோருடைய போன் சார்ஜரையும் சுருட்டி ஒரு பையில் போட்டாள். கதவருகே நின்று என் நோட்டை என்னிடம் நீட்டினாள். படி இறங்கிப் போய்விட்டாள்.

மறுநாள் சனிக்கிழமை ஏலம் இருந்தது. எங்கள் லாட்டுகளுக்கு நான்தான் சாம்பிள் எடுத்துக் கொடுத்தேன். மத்தியானம் நாற்காலிகளைக் கீழே இறக்கினார்கள்; காய் பொறுக்கும் பெண்கள் முறத்தோடு மாடிக்கு ஏறினார்கள். ஜீப்பு ஸ்டாண்டு வழியாக நான் போகவில்லை.